வீடு திரும்பிய அங்கி

தவக்காலத்தின் இரண்டாம் வாரத்து வெள்ளிக்கிழமைத் திருப்பலியில் ஆண்டுதோறும் ஒரு வாசகம் வருகிறது. யாக்கோபின் மகன் யோசேப்பை அவனுடைய அண்ணன்மார் இருபது வெள்ளிக்காசுக்கு இஸ்மயேலரிடம் விற்ற வரலாறு அது. சிறு வயது முதல் நாம் கேட்டுவரும் கதைதான். எனினும் வயது ஏற ஏற, அதே கதையில் வேறு வேறு இடங்கள் நெஞ்சில் தைக்கின்றன. இப்போது நம்மைத் தைப்பது அதிலுள்ள ஒரு சிறு செய்தி. தம்பியின் அங்கியை உரிந்து, அவனைத் தண்ணீரற்ற ஆழ்குழியில் தள்ளிய பின்னர், அண்ணன்மார் உணவருந்த அமர்ந்தார்களாம். குழிக்குள்ளிருந்து கூக்குரல் கேட்டிருக்கும். உணவும் தொண்டைக்குள் இறங்கியிருக்கும்.

கோவிலில் வாசகம் விற்பனையோடு நின்றுவிடுகிறது. அதற்குப் பின் நடந்ததை வீட்டில் விவிலியத்தைத் திறந்துதான் படிக்கவேண்டும். தம்பியைக் காப்பாற்றிவிட எண்ணியிருந்த மூத்தவன் ரூபன், குழி வெறுமையாய் இருப்பதைக் கண்டு தன் உடையைக் கிழித்துக்கொண்டான். ஆனால் தந்தையிடம் உண்மையைச் சொல்லவில்லை. ஆட்டுக்கிடாயின் இரத்தத்தில் தோய்த்த அங்கி மட்டும் வீடு போய்ச் சேர்ந்தது. பிள்ளை சேரவில்லை.

மனிதரை விற்கும் வணிகத்தைப் பற்றி நம் பங்குகளில் பேசும்போதெல்லாம், நம் மனக்கண்முன் வருவது முகமறியாத ஒரு கயவன்தான். இருட்டில் வரும் வண்டி, மயக்க மருந்து, தொலைதூர நகரத்துச் சிவப்பு விளக்குத் தெரு. அவையும் உண்மையே. ஆனால் திருநூல் நமக்குக் காட்டும் விற்பனையில் விலை பேசியவர்கள் அந்நியர் அல்லர். ஒரே தகப்பனின் பிள்ளைகள். இந்த உண்மையை நாம் கற்றது விவிலிய வகுப்பில் அன்று. திருப்பூரைச் சுற்றிய நூற்பாலைகளுக்கு நம் ஊரிலிருந்து போன ஒரு சிறுமியிடம் கற்றோம்.

பின்னலின் முதல் இழை

திருப்பூரைப் பழிப்பது நம் நோக்கமன்று. நொய்யல் கரையில் உள்ளூர்ச் சந்தைக்குப் பனியன் பின்னிக்கொண்டிருந்த ஊர் அது. 1978 இல் வெரோனா என்னும் இத்தாலிய வணிகர் அங்கு வந்து சரக்குக் கேட்டதிலிருந்து அதன் ஏற்றுமதி வரலாறு தொடங்குவதாகத் தொழில்துறையினர் சொல்வர். 2021-22 முதல் ஆண்டுதோறும் 30,000 கோடி ரூபாய்க்கு மேற்பட்ட பின்னலாடைகள் அங்கிருந்து கடல் கடக்கின்றன. மழை பொய்த்த ஊர்களிலிருந்து குடும்பம் குடும்பமாய்ச் சென்றவர்களுக்கு அந்நகரம் சோறிட்டிருக்கிறது. நம் உறவினருள்ளும் பலர் சனிக்கிழமைச் சம்பளத்தால் பிள்ளைகளைப் படிக்கவைத்து, வீடு கட்டி, வேதனையின்றி வாழ்கின்றனர். நன்றி மறப்பது நன்றன்று.

ஆனால் பனியன் என்பது திருப்பூரில் மட்டும் உருவாவதன்று. கட்டிங் மேசைக்கும் தையல் இயந்திரத்துக்கும் செக்கிங் பெண்களுக்கும் முன்னே சாயப்பட்டறை இருக்கிறது. அதற்கு முன்னே நிட்டிங். அதற்கும் முன்னே பஞ்சை நூலாக்கும் ஆலை. கோவை, திருப்பூர், ஈரோடு, கரூர், திண்டுக்கல் எனப் பரந்து கிடக்கும் அந்த நூற்பாலைகளிலேதான் பின்னலின் முதல் இழை பிறக்கிறது. அங்கே அறுந்த இழையை முடிந்துவிடும் விரல்கள் பெரும்பாலும் இளம்பெண்களுடையவை.

2006 ஆம் ஆண்டு, பத்தாம் வகுப்புத் தேர்வு முடிவுகள் வந்த காலம். நாம் அப்போது தென்மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் பங்குப் பள்ளி ஆசிரியர், பங்குப்பேரவை உறுப்பினரும்கூட. ஒரு மாலையில் நம் மாணவியின் தாய் கையில் ஒரு துண்டுத்தாளுடன் வந்து நின்றார். கணவரை இழந்தவர், கரிமூட்டத் தொழிலாளி. தாளில் மாலையும் கழுத்துமாய் ஒரு மணப்பெண்ணின் படம். மூன்றாண்டு ஆலையில் வேலை செய்தால் முடிவில் முப்பதாயிரம் ரூபாய், தங்குமிடம், மூன்று வேளை உணவு என்று அச்சிட்டிருந்தது. அத்தாளை ஊருக்குள் கொண்டுவந்த முகவர் வெளியாள் அல்லர். நம் பங்கைச் சேர்ந்தவர். திருவிழாவில் சப்பரம் தூக்குகிறவர்.

"வாத்தியாரையா, நல்ல இடமா இருக்குமா? நீங்க சொன்னா அனுப்புறேன்" என்றார் அந்தத் தாய்.

"தைரியமாக அனுப்பம்மா. பெண்பிள்ளைகள் மட்டும் தங்கும் விடுதி. மூன்று வருடத்தில் கலியாணக் கவலை தீர்ந்துவிடும்" என்றோம். சிறுமிக்கு நன்னடத்தைச் சான்றும் எழுதிக் கொடுத்தோம். அவளுக்கு அப்போது பதினைந்து வயது. மேற்கொண்டு படிக்க வேண்டுமா என்று நாம் அவளைக் கேட்கவில்லை. அந்த ஆலையை நாம் பார்த்ததுமில்லை.

அவ்வாண்டுப் பங்குத் திருவிழாவில் ஒலிபெருக்கிச் செலவை அந்த முகவர் ஏற்றுக்கொண்டார். அனுப்பும் ஒவ்வொரு சிறுமிக்கும் அவருக்குத் தரகு உண்டு என்பது நமக்குப் பின்னர்தான் தெரியவந்தது. ஒன்பது நாளும் அந்த ஒலிபெருக்கியில் புகழ்மாலை பாடினோம். பத்தாம் நாள் அசனச் சோறும் உண்டோம்.

மங்கலப் பெயர்

சுமங்கலித் திட்டம் என்றனர் அதை. சில ஆலைகளில் மாங்கல்யத் திட்டம் என்றும், திருமகள் திருமணத் திட்டம் என்றும் பெயர். தொண்ணூறுகளின் பிற்பகுதியிலிருந்து மேற்கு மாவட்டங்களில் பரவிய முறை அது. மூன்றாண்டுக்கு ஒப்பந்தம், முடிவில் முப்பதாயிரம் முதல் அறுபதாயிரம் வரை மொத்தத் தொகை. போனவர்கள் பெரும்பாலும் தலித் குடும்பத்துப் பெண்கள். தேனி, சிவகங்கை, விருதுநகர், நெல்லை, புதுக்கோட்டை எனத் தெற்கிலும் கிழக்கிலும் வானம் பார்த்த பூமிகளிலிருந்து போனவர்கள்.

அத்தொகை அன்பளிப்பன்று என்பதை முதலில் விளங்கிக்கொள்ள வேண்டும். மாதாமாதம் கொடுத்திருக்க வேண்டிய கூலியில் பிடித்துவைத்த பகுதியே அது. மூன்றாண்டு முடியுமுன் வெளியேறினால், நோயுற்று வெளியேறினாலும்கூட, தொகை இல்லை. ஆக, ஒவ்வொரு மாதமும் ஆலையின் கையில் அந்தப் பெண்ணைக் கட்டிவைக்கும் கயிறு நீண்டுகொண்டே போயிற்று. வளாகத்துக்குள்ளேயே விடுதி, வெளியே செல்ல அனுமதியில்லை, வார்டன் அருகில் நிற்கத் தொலைபேசி, பெற்றோர் வந்தால் குறித்த நாளில், குறித்த நேரத்தில் சந்திப்பு. பகல் ஷிப்டு முடிந்து படுத்தவளை இரவில் எழுப்பி மீண்டும் வேலைக்கு அனுப்பியதும் உண்டு.

இவை வதந்திகள் அல்ல. நெதர்லாந்தின் இரு அமைப்புகள் 2011 இலும் 2014 இலும் இவற்றைப் பற்றி விரிவான அறிக்கைகள் வெளியிட்டன. அவற்றுள் ஒன்றான இந்தியக் குழு 2016 டிசம்பரில் தந்த ஆய்வு, தமிழக நூற்பாலைகளில் ஏறத்தாழப் பாதியான 743 ஆலைகளின் தொழிலாளரைக் கேட்டறிந்தது. பத்தில் ஒன்பதுக்கும் மேற்பட்ட ஆலைகளில் நவீன அடிமைத்தனத்தின் ஏதேனும் ஒரு வடிவம் காணப்பட்டது என்றும், 351 ஆலைகளில் ஒப்பந்தம் முடியும்வரை கூலியில் ஒரு பகுதி பிடித்துவைக்கப்பட்டது என்றும் அது கூறியது. மாதவிடாய் வலிக்குப் பெயரற்ற மாத்திரைகளைக் கொடுத்து வேலை வாங்கியதை 2019 இல் ஒரு பன்னாட்டுச் செய்தி நிறுவனம் நூறு பெண்களை விசாரித்து வெளிப்படுத்தியது. ஆலையதிபர் சங்கங்கள் இத்தகைய அறிக்கைகளை மறுத்தே வந்துள்ளன. நேர்மையாய் நடத்தும் ஆலைகளும் உண்டு என்பதை நாமும் மறுக்கவில்லை.

சட்டம் என்ன சொல்கிறது? அரசமைப்பின் 23 ஆம் பிரிவு மனிதரை விற்பதையும் கட்டாய உழைப்பையும் ஒரே மூச்சில் தடை செய்கிறது. குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே கொடுத்து வேலை வாங்குவதே கட்டாய உழைப்புத்தான் என்று 1982 இல் உச்சநீதிமன்றம், ஆசிய விளையாட்டு அரங்கங்களைக் கட்டிய தொழிலாளர் வழக்கில் தீர்ப்பளித்தது. திருச்சபையின் போதனையும் வேறன்று. கூலிக்காரரின் கூலியை வஞ்சிப்பது வானத்தை நோக்கிக் கூக்குரலிடும் பாவங்களுள் ஒன்று என்று பழைய ஞானோபதேசத்தில் மனப்பாடம் செய்தவர்கள் நாம். 1965 இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் 'இன்றைய உலகில் திருச்சபை' என்னும் ஏட்டில் மனித மாண்புக்கு எதிரான கொடுமைகளை வரிசைப்படுத்தியபோது, அடிமைத்தனம், விபசாரம், பெண்களையும் குழந்தைகளையும் விற்பது ஆகியவற்றை அடுத்து, மனிதரை வெறும் கருவியாக்கும் வேலை நிலைமைகளையும் வைத்தது. ஒன்றுக்கு அடுத்து மற்றொன்று ஏன் வருகிறது என்பதை நமக்கு உணர்த்த அந்தச் சிறுமி திரும்பி வர வேண்டியிருந்தது.

இரண்டாம் விற்பனை

2008 ஆம் ஆண்டின் திருவருகைக் காலத்தில் ஒருநாள் விடியற்காலைப் பேருந்தில் அவள் வந்திறங்கினாள். மூன்றாண்டு நிறைய இன்னும் ஆறு மாதம் இருந்தது. கையில் பெட்டியில்லை, பணமுமில்லை. தாய் மட்டும் பள்ளித் தாழ்வாரத்தில் வந்து நம்மிடம் அழுதார். மேற்பார்வையாளன் ஒருவன். இரவு ஷிப்டு. இணங்காவிட்டால் ஆப்சென்ட் போட்டு மூன்றாண்டுக் கணக்கை முதலிலிருந்து தொடங்கவைப்பேன் என்ற மிரட்டல். பல மாதம் நடந்திருக்கிறது. பிடித்துவைத்த கூலியே அவனுக்குக் கைப்பிடியாயிற்று. எந்தக் கதவு உழைப்புக்காகப் பூட்டப்பட்டதோ, அதே பூட்டு அவனுக்கும் பயன்பட்டது.

நாம் என்ன செய்தோம்? "இதை வெளியே சொல்லாதே அம்மா, பிள்ளையின் பெயர் கெட்டுவிடும்" என்றோம். அறிவுரை என்று எண்ணித்தான் சொன்னோம். காவல் நிலையத்துக்குத் துணையாய் வருகிறேன் என்று சொல்ல நமக்கு நா எழவில்லை. முகவரைக் கூப்பிட்டுக் கேட்கவும் இல்லை.

நாம் மூடிவைத்தும் பேச்சு பரவியது. பாடகர் குழுவில் அவள் முன்பு நின்ற இடத்தில் வந்து நின்றபோது மற்றப் பெண்களின் தாய்மார் முகம் சுளித்தனர். பேச்சு அடங்கும் வரையில் அவள் சிலகாலம் ஒதுங்கியிருப்பது நல்லது என்று பங்குப்பேரவையில் ஒருவர் கருத்துத் தெரிவித்தார். எதிர்த்து ஒருவரும் பேசவில்லை. நாமும் தலையசைத்தோம். அந்த மேற்பார்வையாளனுக்கு எந்த ஊரில் எந்தக் கோவிலில் இடம் மறுக்கப்பட்டதோ நமக்குத் தெரியாது. அவளுக்கு மறுக்கப்பட்டது நம் கோவிலில்.

அடுத்த கோடையில் அவள் தன் சித்தியுடன் திருப்பூருக்குப் போய்விட்டாள். அதற்கும் சில வாரங்கள் கழித்து முகவர் ஒரு பையைக் கொண்டுவந்து தாயிடம் கொடுத்தார். ஆலை விடுதியில் விட்டுவந்த அவளுடைய துணிமணிகள். அவை வீடு வந்து சேர்ந்தபோது அவள் ஊரில் இல்லை. தாய் அந்தப் பையை மடியில் வைத்துக்கொண்டு திண்ணையில் அமர்ந்திருந்ததைப் பள்ளிக்குப் போகும் வழியில் கண்டோம். நின்று ஒரு வார்த்தை பேசாமல் கடந்து போனோம்.

பெயர்கள் மறைப்பவை

விற்கப்பட்டவர்களுக்கு மங்கலமான பெயர் சூட்டுவது உலக வழக்கம் போலும். சூடான் நாட்டில் ஏழெட்டு வயதில் கடத்தப்பட்டு, பலமுறை கைமாறி விற்கப்பட்ட ஒரு சிறுமிக்கு, பெற்றோர் வைத்த பெயரே மறந்துபோயிற்று. அவளைப் பிடித்தவர்கள் வைத்த பெயர் பக்கிதா. அரபு மொழியில் அதற்குப் பேறுபெற்றவள் என்று பொருள். பின்னர் இத்தாலியில் விடுதலை பெற்றுத் துறவியாகி, 1947 பிப்ரவரி 8 இல் இறந்த அந்த ஜோசபின் பக்கிதாவைத் திருச்சபை 2000 ஆம் ஆண்டு புனிதையாக அறிவித்தது. அவருடைய திருநாளையே மனித வணிகத்துக்கு எதிரான செப நாளாக 2015 முதல் உலகெங்கும் கடைப்பிடித்து வருகிறோம்.

நம் மண்ணிலும் ஒருவர் இருந்தார். மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரைச் சிறுமியாயிருந்தபோது, வறுமையின் பொருட்டுப் பத்து ரூபாய்க்கும் ஒரு பழைய புடவைக்கும் தாசி ஒருவரிடம் விற்றனர் என்று அவருடைய வாழ்க்கை வரலாறு கூறும். அன்றும் விற்றவர் வீட்டார். அன்றும் அதற்குப் பொட்டுக்கட்டுதல் என்று சடங்கின் பெயர். நித்திய சுமங்கலி என்று சிறப்புப் பெயர். அம்மையார் அப்பிடியிலிருந்து வெளியேறி, தம்மைப் போன்ற பெண்களை மீட்பதையே வாழ்வாகக் கொண்டார். 1936 இல் 'தாசிகள் மோசவலை' நாவலை எழுதினார். டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியும் அவரும் பிறரும் நடத்திய நெடும் போராட்டத்தின் பயனாக 1947 இல் சென்னை மாகாணத்தில் தேவதாசி முறை ஒழிப்புச் சட்டம் நிறைவேறியது.

அம்மையாரின் பெயரால் 1989 இல் தமிழக அரசு தொடங்கியது ஒரு திருமண உதவித் திட்டம். ஏழைப் பெண்ணுக்குக் கலியாணச் செலவே முதற்கவலை என்று அரசும் எண்ணிய காலம். அதே கவலையைத்தான் ஆலை முகவர்கள் துண்டுத்தாளில் அச்சிட்டனர். 2022 இல் அத்திட்டம் உருமாறியது. அரசுப் பள்ளியில் ஆறு முதல் பன்னிரண்டு வரை படித்து உயர்கல்விக்குச் செல்லும் மாணவிக்கு மாதம் 1,000 ரூபாய் என்றாயிற்று. 2024 இறுதியில் அரசு உதவிபெறும் பள்ளிகளில் தமிழ்வழி பயின்றவர்க்கும் அது விரிந்தது. நம் பங்குப் பள்ளிகள் பலவற்றின் மாணவியரும் அதில் அடங்குவர். அரசுக்கே மனம் மாற முப்பத்துமூன்று ஆண்டுகள் ஆயின. ஆனால் சீதனம் பேசி முடித்த திருமணத்துக்கு மூன்று ஓலை வாசிக்கும் நம் பங்குகளில் இன்னும் மனமாற்றம் வந்தபாடில்லை. சீதனம் என்று ஒன்று இல்லாதிருந்தால் அந்தத் தாய் துண்டுத்தாளோடு நம் வாசலுக்கு வந்திருக்கமாட்டார்.

ஒரு கேள்வி

2023 இல் உறவினர் வீட்டுப் புதுமனை புகுவிழாவுக்காகத் திருப்பூர் சென்றிருந்தோம். ஞாயிறு திருப்பலி முடிந்து வெளியே வந்தபோது, "தோத்திரம் சார்" என்றது ஒரு குரல். பதினான்கு ஆண்டுகளுக்குப் பின்னும் முகம் மாறவில்லை. பனியன் கம்பெனி ஒன்றில் செக்கிங் பிரிவில் இருக்கிறாள். கணவர் அயர்ன் மாஸ்டர். மகள் எட்டாம் வகுப்பு. லைன் வீட்டுக்கு அழைத்துச் சென்று காப்பி கொடுத்தாள். ஊரைப் பற்றி, பள்ளியைப் பற்றி, இறந்துபோன தன் தாயைப் பற்றிப் பேசினாள். பின் எவ்விதக் கோபமும் இன்றிக் கேட்டாள்:

"அம்மா வந்து கேட்டப்போ நல்ல இடம்னு சொன்னீங்களே சார், நீங்க அந்த இடத்தப் பாத்திருந்தீங்களா?"

இல்லை என்றோம்.

"நான் இத்தனை வருசமா பாத்திருப்பீங்கன்னே நினைச்சிட்டிருந்தேன்" என்றாள். அதற்கு மேல் அவள் ஒன்றும் சொல்லவில்லை. மன்னிப்புக் கேட்டோம். அவள் தலைகுனிந்து தம்ளர்களை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். மன்னித்தாளா என்பதை அறியோம். அறியவேண்டும் என்று கேட்கும் உரிமையும் நமக்கில்லை.

திரும்பி வந்தவள் நம்மிடம் வேறொன்றைக் கேட்டாள். இப்போதெல்லாம் தெற்கிலிருந்து வரும் சிறுமியர் குறைந்து, தன்பாத்-ஆலப்புழை விரைவு ரயிலில் ஜார்க்கண்டிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் பெண்கள் வந்திறங்குகின்றனர். அவளுடைய வரிசையிலேயே கடைசி வீட்டில் ஜார்க்கண்டின் சிம்டேகா பகுதியிலிருந்து வந்த இரு பெண்கள் குடியிருந்தனர். நம்மைப் போன்றே கத்தோலிக்கர். அன்று காலை அதே திருப்பலியில் பின்வரிசையில் அமர்ந்திருந்தவர்கள். அவர்களுடைய சான்றிதழ்களையும் ஆதார் அட்டைகளையும் அழைத்துவந்த ஒப்பந்தக்காரர் வாங்கி வைத்துக்கொண்டு திருப்பித் தர மறுத்தார். "அவங்களுக்கு ஒரு லெட்டர் எழுதிக் குடுங்க சார்" என்றாள்.

அன்று இரவே தொழிலாளர் துறைக்கும் அப்பங்கின் தந்தைக்கும் கடிதங்கள் எழுதினோம். சில வாரங்களில் ஒரு பெண்ணின் தாள்கள் திரும்பக் கிடைத்தன. மற்றவள் அதுவரை காத்திருக்கவில்லை. அவளுடைய தாய்மொழியில் பேசிய ஓர் ஆள், பக்கத்து மாநிலத்துப் பெருநகரில் வீட்டு வேலை, இருமடங்குச் சம்பளம் என்று அழைத்திருக்கிறான். ஒரு மாலையில் போனவள்தான். மறுநாள் முதல் அவளுடைய கைப்பேசி எடுக்கப்படவில்லை. அண்டை வீட்டுக்காரியான நம் மாணவியும் பங்குத்தந்தையும் காவல்துறையில் புகார் கொடுத்தனர். இன்றுவரை தகவலில்லை. அவள் பத்திரமாய் எங்கோ வேலை செய்கிறாள் என்று நம்பவே மனம் விரும்புகிறது. ஆனால் வழியில் பேசிய மனிதன் அவள் மொழியில் பேசினான் என்பதை நினைக்குந்தோறும் சப்பரம் தூக்கிய நம் முகவரின் முகம் நினைவில் வந்து நிற்கிறது.

எண்களும் மனிதரும்

பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பும் பிறரும் 2022 இல் வெளியிட்ட கணக்கின்படி, 2021 இல் உலகில் ஏறத்தாழ ஐந்து கோடிப் பேர் நவீன அடிமைத்தனத்தில் இருந்தனர். கட்டாய உழைப்பில் 2 கோடியே 76 இலட்சம் பேர். விருப்பமின்றி நடத்தப்பட்ட திருமணத்தில் 2 கோடியே 20 இலட்சம் பேர். கட்டாய உழைப்பில் இருந்தவர்களுள் 63 இலட்சம் பேர் பாலியல் சுரண்டலுக்கு ஆட்பட்டிருந்தனர். அவர்களில் ஐவருக்கு நால்வர் பெண்களும் சிறுமியரும். 2024 இல் அதே அமைப்பு இவ்வணிகத்தின் இலாபத்தைக் கணக்கிட்டது. தனியார் சுரண்டலுக்கு ஆளானவர்களுள் பாலியல் தொழிலில் தள்ளப்பட்டோர் நூற்றுக்கு 27 பேரே. ஆனால் மொத்த இலாபத்தில் நூற்றுக்கு 73 பங்கு அவர்களின் உடலிலிருந்து பிழியப்பட்டது.

ஆலைத் தொழிலும் பாலியல் வணிகமும் ஒன்றல்ல. ஆயினும் இரண்டின் வாசலும் ஒன்றே. 2000 இல் ஐக்கிய நாடுகள் உருவாக்கி, 2011 இல் இந்தியாவும் ஏற்ற நெறிமுறை, கடத்தல் என்பதற்கு வன்முறையை மட்டும் அடையாளமாகச் சொல்லவில்லை. ஏமாற்றுதலையும், ஒருவர்மீது அதிகாரம் உடையவருக்குப் பணம் தந்து சம்மதம் பெறுவதையும் சேர்த்தே சொல்கிறது. சிறுவர் என்றால் ஏமாற்றுகூடத் தேவையில்லை. சுரண்டுவதற்காக ஆளெடுத்தாலே போதும். ஒரு தாயின் சம்மதமும் ஓர் ஆசிரியரின் சான்றும் எங்கே வைத்து எண்ணப்படும் என்பதை இவ்வரிகளைப் படித்தபோதுதான் உணர்ந்தோம்.

மாற்றம் இயலாததன்று. 2021 சனவரியில், திருப்பூரைத் தலைமையிடமாகக் கொண்ட நிறுவனம் ஒன்றின் திண்டுக்கல் பகுதி ஆடை ஆலையில் பணியாற்றிய இளம் தலித் பெண் கொலையுண்டார். பல மாதங்கள் அவருக்குப் பாலியல் தொல்லை கொடுத்த மேற்பார்வையாளரே கைதானார். அவருடைய சங்கமான தமிழ்நாடு ஜவுளி மற்றும் பொதுத் தொழிலாளர் சங்கம் பெண்களால் நடத்தப்படுவது. அது அழுதுவிட்டு அமைதியாகவில்லை. பிற அமைப்புகளோடு சேர்ந்து, 2022 ஏப்ரலில் அந்நிறுவனத்தோடும் எச் அண்ட் எம் என்னும் வெளிநாட்டு வணிகக் குழுமத்தோடும் திண்டுக்கல் ஒப்பந்தத்தைக் கண்டது. பின்னர் வேறிரு அமெரிக்கக் குழுமங்களும் இணைந்தன. ஆலைத் தளத்திலேயே பயிற்சி பெற்ற பெண் தொழிலாளர் கண்காணித்து, தொல்லையைக் கண்ட இடத்தில் முறையிடவும், முறையிட்டவர் பழிவாங்கப்படாதிருக்கவும் அது வழிசெய்தது. ஏறத்தாழ ஐயாயிரம் தொழிலாளர் அதன் நிழலில் வந்தனர். "பிள்ளையின் பெயர் கெட்டுவிடும்" என்று அச்சங்கம் சொல்லவில்லை. நாம் சொன்னதற்கும் அவர்கள் செய்ததற்கும் உள்ள தொலைவை எண்ணி வெட்கினோம்.

அன்பு வாசகரே, பங்குகளில் செய்யத்தக்கவை பெரிய காரியங்கள் அல்ல. ஒரு பிள்ளையை வேலைக்கு அனுப்பும் முன் அன்பியத்திலிருந்து இருவர் சென்று அந்த இடத்தைக் கண்ணால் கண்டு வரலாம். பதினெட்டு நிறையாதவளைப் படிப்புக்கே அனுப்பலாம். சென்றவளை விடுமுறைக்கு மட்டும் எதிர்பாராமல் மாதம் ஒருமுறை போய்ப் பார்க்கலாம். நம் ஊர்க் கோவிலின் பின்வரிசையில் அமரும் வடநாட்டுப் பிள்ளையின் பெயரைக் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம். எல்லாவற்றுக்கும் மேலாக, அடிபட்டுத் திரும்பி வருபவளுக்குப் பாடகர் குழுவில் அவளுடைய இடத்தைக் காலியாகவே வைத்திருக்கலாம். பெண் துறவியர் சபைகளின் பன்னாட்டு ஒன்றியம் 2009 இல் தொடங்கிய 'தலித்தா கும்' வலையமைப்பின் அருள்சகோதரிகள் நம் நாட்டிலும் இப்பணியைச் செய்கின்றனர். இறந்துவிட்டாள் என்று எல்லாரும் கைவிட்ட சிறுமியின் கையைப் பிடித்து, எழுந்திரு என்று ஆண்டவர் சொன்ன சொல்லே அவர்களின் பெயர். சிறுமி எழுந்ததும் அவளுக்கு உண்ணக் கொடுக்கச் சொன்னார் ஆண்டவர் என்பதையும் மாற்கு மறவாமல் எழுதியிருக்கிறார்.

தவக்காலத்து அந்த வெள்ளிக்கிழமை இவ்வாண்டும் வந்துபோயிற்று. வாசகம் படிக்கப்பட்டபோது நாம் நம்மை யோசேப்பின் இடத்தில் வைத்துப் பார்க்கவில்லை; அப்படித்தான் பல்லாண்டு பார்த்திருந்தோம். ரூபனின் இடத்தில் வைத்தோம். அவன் கெட்டவன் அல்லன். நல்லது செய்ய எண்ணியவன்தான். ஆனால் குழியருகே இருக்க வேண்டிய நேரத்தில் இல்லை. வாய் திறக்க வேண்டிய நேரத்தில் திறக்கவில்லை.

திருப்பலி முடிந்து வீட்டுக்கு வந்ததும் திருப்பூருக்குத் தொலைபேசியில் பேசினோம். சிம்டேகாப் பெண்ணைப் பற்றி ஏதேனும் தெரிந்ததா என்று கேட்டோம். "இன்னும் இல்ல சார். அவ துணிப்பை மட்டும் எங்க வீட்ல இருக்கு" என்றாள் நம் மாணவி.